முகம் இல்லாத துண்டுகள்

மகளுக்கு உம்மாவின் ஸலாம். போன கிழமை நீ கொழும்பிலிருந்து போனில் கேட்டதற்கு நான் "பார்ப்பம்" என்று சொல்லி வைத்துவிட்டேன். அதற்கு முந்திய கிழமையும் அதையேதான் சொன்னேன். நீ சிரித்தாய். "உங்கட பார்ப்பம் எண்டா ஏலாது எண்டுதானே உம்மா அர்த்தம்" என்றாய். இந்த முறை அர்த்தம் அதுவல்ல மகள். உன் கல்யாணத்தில் பெண்கள் பக்கத்தை நான் கமெராவில் எடுக்க வேண்டும் என்று நீ கேட்கிறாய். வழக்கமான வீடியோவுக்கு வேறு ஒரு பெண் வருகிறாள், மாப்பிள்ளையின் உம்மாவுக்கு அது போதும். நான் எடுக்க வேண்டியது முகமே இல்லாத படம். தரை, துணி, வெளிச்சம், சத்தம் என்று இத்தனை வருஷமாக நான் வேஸ்ட் என்று வெட்டி எறிந்தவற்றைத்தான் நீ கேட்கிறாய். அவற்றை வைத்து ஒரு படம் செய்யப்போகிறாய். எனக்குக் கூச்சம் என்று நீ நினைக்கிறாய். கூச்சம் இருக்கிறதுதான். ஆனால் பதில் சொல்லாமல் இருந்ததற்கு அது காரணம் இல்லை. நான் உன்னிடம் மறைத்த ஒரு விஷயம் இருக்கிறது. அதைத் தெரிந்துகொண்ட பிறகும் என் கையில் கமெராவைத் தருவாயா என்பதுதான் எனக்குத் தெரியவில்லை. போனில் சொல்ல வாய் வரவில்லை, அதனால் எழுதுகிறேன்.

இந்த வீடு உனக்கு என்று நீ பிறந்தபோதே முடிவானது. நம் ஊரில் பெண்ணுக்கு வீடு கொடுக்காமல் கல்யாணம் இல்லை, மாப்பிள்ளை நம் வீட்டுக்கு வருவார், நாங்கள் பின்னால் கட்டிய இரண்டு அறைக்குப் போய்விடுவோம். பத்து நாளாக உன் வாப்பாவும் நானும் சாமான்களைப் பின்னுக்குக் கொண்டுபோகிறோம். அலுமாரியைக் காலியாக்கும்போது மேல்தட்டில் இருந்த பிஸ்கட் டின் வாப்பாவின் கையில் அகப்பட்டது. நான் அதைச் சுற்றி நாடா கட்டி வைத்திருந்தேன். "என்னகா இதுக்குள்ள, தங்கமா?" என்றார். ஊசி நூல் என்றேன். "ஊசி நூலுக்கா இந்த இறுக்கம்" என்று சொல்லி என் கையில் தந்துவிட்டுப் போனார். டின்னுக்குள் ஒரு பென்டிரைவ் இருக்கிறது, ஒரு பழைய கமெராவின் லென்ஸ் மூடி இருக்கிறது. பென்டிரைவ் உனக்குச் சேர வேண்டியது. நாலு வருஷமாக அதை உன்னிடம் தராமல் வைத்திருக்கிறேன். வீட்டைக் கொடுத்துவிட்டு அந்த டின்னை மட்டும் மடிக்குள் ஒளித்துக்கொண்டு பின்னறைக்குப் போக எனக்கு மனம் வரவில்லை.

நான் ஏன் அப்படிச் செய்தேன் என்று உனக்கு விளங்க வேண்டுமென்றால், நான் என்ன வேலை செய்தேன் என்பதிலிருந்து தொடங்க வேண்டும். நீ பிறந்தது முதல் அதைப் பார்த்துத்தான் வளர்ந்தாய், ஆனால் நீ பிறப்பதற்கு முந்தியதை நான் சொன்னதில்லை. ஒன்பதாம் ஆண்டோடு நான் பள்ளிக்கூடத்தை விட்டேன். கெட்டிக்காரிதான், ஆனால் எழுந்து சத்தமாக வாசிக்கச் சொன்னால் தொண்டை அடைத்துவிடும். ஒரு நாள் ஒரு பாடத்தின் முதல் வரியில் கால் மணி நேரம் நின்றேன். வகுப்பு முழுவதும் சிரித்தது, டீச்சரும் கடைசியில் சிரித்துவிட்டார். மறுநாள் காய்ச்சல் என்றேன். அந்தக் காய்ச்சல் பிறகு மாறவேயில்லை. இரண்டு வருஷம் வீட்டுக்குள்ளேயே இருந்தேன். கல்யாண வீடுகளுக்குப் போனாலும் ஒரு மூலையில்தான் இருப்பேன். பெண்கள் எல்லாரும் நாக்கைச் சுழற்றிக் குரவை போடும்போது நான் வாயை மட்டும் அசைப்பேன். சத்தம் வராது. இன்றுவரைக்கும் வந்ததில்லை, அது உனக்கும் தெரியாது.

அப்போது ஆரையம்பதியில் ஒரு ஸ்டூடியோ இருந்தது. புருஷன் ஆண்கள் பக்கத்தை எடுப்பார், பெண்சாதி பெண்கள் பக்கத்தை எடுப்பார். அவரை நாங்கள் ஸ்டூடியோ அக்கா என்போம். தமிழ் ஆள், முஸ்லிம் இல்லை, ஆனால் நம் காத்தான்குடியில் அவர் போகாத கல்யாண வீடு இல்லை. அவர் எடுத்துக் கொடுப்பதில் ஒரு சிக்கல் இருந்தது. எடுத்ததை யாராவது உட்கார்ந்து வெட்டி ஒட்ட வேண்டும், பெண்கள் பக்கத்துக் கசெட்டை ஆண்கள் பார்க்கக்கூடாது. அக்காவுக்கு அதற்கு நேரம் இல்லை. பேசாத பெண் ஒருத்தி வேண்டும் என்று தேடி வந்தார். பேசாத பெண் என்றால் ஊரில் யாருக்கும் யோசிக்கத் தேவையில்லை, என்னைத்தான் காட்டினார்கள். ஸ்டூடியோவுக்குப் பின்னால் ஒரு சின்ன அறை. இரண்டு டெக், இரண்டு டிவி, வாசலில் பச்சைத் திரை. முதல் நாள் அக்கா சொன்னது அப்படியே காதில் இருக்கிறது. "உங்கட ஆக்களுக்கு என்னில நம்பிக்கை. எனக்கு உன்னில நம்பிக்கை. இந்தத் திரைக்கு அங்கால ஒண்டும் போகப்படாது, விளங்குதா புள்ள?" நான் தலையை ஆட்டினேன். "வாயத் திறந்து சொல்லு, தலை ஆட்டினா எனக்குக் கேக்காது" என்றார். "ஓம்" என்றேன். அந்த ஒரு ஓமை நான் அமானிதமாக, நம்பி ஒப்படைத்த பொருளாக வைத்திருந்தேன்.

வேலைக்கு விதி ஒன்றுதான். "மூஞ்சி இருந்தா வை, மூஞ்சி இல்லாட்டி வெட்டு." அக்கா வேறு எதையும் சொல்லித்தரவில்லை. கல்யாண வீட்டுக்காரர்களுக்கு வேண்டியது யார் யார் வந்தார்கள் என்பதுதான். மாமி வந்தா, சாச்சி வந்தா, கல்முனையிலிருந்து வந்த ஆட்கள் சாப்பிட்டார்களா. ஆனால் கசெட்டில் அது மட்டுமா இருக்கும்? அக்கா கமெராவை ஓடவிட்டபடி கதிரையில் வைத்துவிட்டு யாரோடோ பேசப் போவார். அது தரையை எடுத்துக்கொண்டிருக்கும். பாயின் கோடு, சாறிக் கரை, சிந்திய சர்பத், ஃபேன் சுற்றும்போது சுவரில் வந்து வந்து போகும் நிழல். சில நேரம் அக்கா யன்னலுக்கு எதிரே திரும்பிவிடுவார். எல்லாம் வெள்ளையாகி, அந்த வெள்ளைக்குள் இருந்து மெல்ல ஒரு மஞ்சள், ஒரு நாவல் நிறம் என்று ஒவ்வொன்றாய் வெளியே வரும். வெட்டு. குரவை எழும்பும்போது மைக் தாங்காது, அது கீச்சென்று கிழியும். வெட்டு, மேலே ஒரு பாட்டைப் போடு. இதற்கெல்லாம் எங்களிடம் ஒரே பெயர்தான், வேஸ்ட். வேஸ்டை வைத்திருக்கக்கூடாது. பெண்கள் பக்கத்தில் எடுத்த ஒரு துண்டுகூட அன்று மாலைக்குப் பிறகு ஸ்டூடியோவில் இருக்கக்கூடாது. கமெரா கசெட்டை எப்படி அழிப்போம் தெரியுமா? லென்ஸுக்கு மூடியைப் போட்டு, மீண்டும் பதியவிடுவோம். ஒரு மணித்தியாலம் வெறும் கறுப்பு பதியும். சரியாக அழிந்ததா என்று நான் உட்கார்ந்து பார்ப்பேன். கதை இல்லாத, ஆள் இல்லாத படத்தை நம் பகுதியில் முதலில் எடுத்தது நீ இல்லை மகள். உன் உம்மாதான். எத்தனை நூறு மணித்தியாலம் எடுத்தேன் என்று எனக்கே தெரியாது, எல்லாம் கறுப்பு.

கல்யாணத்துக்குப் பிறகும், கம்பியூட்டர் வந்த பிறகும், வேலையை வீட்டுக்குக் கொண்டுவந்து அதே மாதிரித்தான் செய்தேன். பச்சைத் திரையையும் கொண்டுவந்தேன். நீ ஆறு வயதில் அந்தத் திரைக்கு உள்ளே வந்து என் மேசைக்குக் கீழே இருப்பாய். பொம்மைப் படம் போட்டுத் தந்தால் பார்க்கமாட்டாய். ஒரு நாள் கதிரையில் மறந்து வைத்த கமெரா எடுத்த நாலு நிமிஷம் ஓடிக்கொண்டிருந்தது. ஃபேன் நிழலும், நடுவில் யாரோ இழுத்துப்போகும் சாறித் தலைப்பும்தான். நீ மேசைக்குக் கீழிருந்து எழும்பி வந்து, நாடியை மேசை விளிம்பில் வைத்துப் பார்த்தாய். நான் அதைக் குறித்து வெட்டினேன். "உம்மா, அது எங்க போற?" என்று கேட்டாய். "எங்கயும் போகாது. இல்லாமப் போற" என்றேன். நீ "பாவம்" என்றாய். நிழலுக்கா, சாறிக்கா, யாருக்குப் பாவம் என்று எனக்கு விளங்கவில்லை. போய் விளையாடு என்று அனுப்பிவிட்டேன். பிள்ளை என்ன பார்த்தது என்று ஒரு தரம் கேட்டிருக்கலாம். அப்படிக் கேட்டிருந்தால் பிறகு நடந்தது நடந்திருக்காதோ என்று இப்போது யோசிக்கிறேன்.

நடந்தது இதுதான். உனக்கு அப்போது பத்தொன்பது வயது. மண்முனைப் பாலத்துக்குக் கீழே படம் எடுக்கப் போகிறேன் என்று வாப்பாவைத் துணைக்கு அழைத்துக்கொண்டு மூன்று பின்னேரம் போனாய். வாப்பா வந்து என்னிடம் குறை சொன்னார். "ஆத்தப் பாக்க விடுறாளும் இல்ல. ஆத்துக்கு முதுகக் காட்டிக்கொண்டு பாலத்தின்ட அடி வயித்தப் பாக்கிறாள்." நான்காம் நாள் காலையில் மெமரி கார்டை என் மேசையில் வைத்துவிட்டு, வந்து கொப்பி பண்ணுவதாகச் சொல்லி நீ மட்டக்களப்புக்கு வகுப்புக்குப் போய்விட்டாய். அன்று எனக்கும் ஒரு கல்யாண வேலை இருந்தது. உன் கார்டைத் தெரியாமல் மாற்றி எடுத்தேன் என்று சொன்னால் எனக்குச் சுகமாக இருக்கும். அது பொய். உன்னுடையது என்று தெரிந்துதான் போட்டேன். பிள்ளைக்கு வேலையை முடித்து வைப்போம் என்று ஆசையாகத்தான் போட்டேன்.

பதினொரு நிமிஷம் ஓடியது. பாலத்தின் அடிப்பக்கக் கொங்கிறீட்டில் தண்ணீரின் வெளிச்சம் ஆடியது, வேறு ஒன்றும் இல்லை. முதலில் நரம்பு மாதிரி ஓடியது, பிறகு உடைந்தது, பிறகு சேர்ந்தது. ஒரு தோணி எங்கேயோ போயிருக்க வேண்டும், தோணி தெரியவில்லை, அது கிளப்பிய அலை மட்டும் வெளிச்சமாக மேலே வந்து ஒரு முறை நடுங்கிவிட்டு அடங்கியது. பிள்ளை கமெராவை மேலே பார்க்க வைத்துவிட்டு மறந்துபோய்விட்டாள் என்று நினைத்தேன். அக்கா கதிரையில் மறந்தது போல. ஒன்பதாம் நிமிஷம் கமெரா கொஞ்சம் கீழே சாய்ந்தது, வாப்பா வந்தார். சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு கரையில் குனிந்து கால் கழுவினார், நிமிர்ந்து உன் பக்கம் பார்த்து ஏதோ சொன்னார், போனார். நாற்பது வினாடி. அப்பாடா, ஒரு மூஞ்சி வந்தது என்று இருந்தது எனக்கு. அந்த நாற்பது வினாடியை வெட்டி எடுத்தேன். தொடக்கத்தையும் முடிவையும் மெல்ல மங்கவிட்டு அழகாக்கினேன். ஒரு பாட்டும் போட்டேன். உனக்குக் காட்டிச் சந்தோஷப்படுத்த அதைப் பென்டிரைவில் பதிந்தேன். மிச்சம் வேஸ்ட். வேஸ்டை அன்றே அழிப்பது என் கையின் பழக்கம். வெறுமனே அழித்தால் போதாது, யாராவது திரும்ப எடுத்துவிடுவார்கள் என்பதால் மேலே வேறு எதையாவது நிரப்பி, அதையும் அழிப்பேன். உன் கார்டுக்கும் அப்படியே செய்தேன். ஒரு பெண்ணின் அமானிதத்தைக் காப்பாற்றும் கவனத்தோடு உன் பதினொரு நிமிஷத்தை ஒரு துளி மிச்சமில்லாமல் அழித்தேன்.

நீ பின்னேரம் வந்தாய். பையைக்கூடக் கழற்றவில்லை. "உம்மா, அந்தக் கார்டப் பாத்தீங்களா? தோணி போன நேரம் பாத்தீங்களா?" என்றாய். உன் முகத்தைப் பார்த்ததும் எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. கமெராவை நீ மறந்து வைக்கவில்லை. பென்டிரைவ் என் உள்ளங்கைக்குள் இருந்தது. "அந்தக் கார்ட் வேலை செய்யல்ல புள்ள, பழுதாப் போயிட்டு" என்றேன். நீ கம்பியூட்டரில் போட்டுப் பார்த்தாய், உள்ளே ஒன்றும் இல்லை. கழற்றி ஊதினாய், மீண்டும் போட்டாய். பிறகு இரண்டு கையையும் மேசையில் விரித்து வைத்துக்கொண்டு நின்றாய். அழவில்லை. நீ அழுதிருந்தால் அப்போதே சொல்லியிருப்பேனோ என்னவோ. "பரவாயில்ல உம்மா, நாளைக்குப் போய் எடுக்கிறன்" என்று நீ என்னைத் தேற்றினாய். மறுநாள் வானம் மப்பு. அதற்கடுத்த நாள் மழை. ஒவ்வொரு வருஷமும் அதே மாதம் அதே நேரத்துக்கு நீ கொழும்பிலிருந்து வந்து அந்தப் பாலத்துக்குக் கீழே போய் நிற்கிறாய். திரும்பி வந்து, "இண்டைக்கும் வரல்ல" என்கிறாய். நான் தேத்தண்ணீர் ஊற்றித் தருகிறேன். என்னுடைய பாவத்துக்கு நான் செய்தது அந்தத் தேத்தண்ணீர் மட்டும்தான்.

நீ என்ன செய்கிறாய் என்று எனக்கு விளங்கியது இந்த வருஷம், மட்டக்களப்பு மண்டபத்தில். உன் படங்களைக் காட்டுகிறார்கள் என்று வாப்பாவும் சாச்சியும் நானும் ஓட்டோவில் வந்தோம், கடைசி வரிசையில் இருந்தோம். வாப்பாவின் துணிக் கடையில் நீ எடுத்த ஆறு நிமிஷப் படத்தை அடுத்தடுத்து இரண்டு முறை ஓடவிட்டார்கள். ஆள் இல்லை. சாறி விரியும், மடியும், கமெரா நூலுக்குள் போகிற அளவுக்குக் கிட்டப் போகும். ஒரு நிறம் முழுத் திரையையும் மூடும். கத்தரிக்கோல் துணியில் ஓடும் சத்தம் கேட்கும், கத்தரிக்கோல் தெரியாது. சாச்சி என் காதுக்குள், "ஆள் எப்பகா வாற?" என்றாள். வராது என்றேன். "ஒருத்தரும் வராதா? மறுகா என்னத்துக்கு இவ்வளவு கதிரை போட்டிருக்கு?" என்றாள். வாப்பாவுக்கு வேறு கவலை. "கடையின்ட போர்டையாச்சும் ஒரு தரம் காட்டியிருக்கலாம்" என்று முணுமுணுத்தார். எனக்கு வேர்த்துக்கொண்டிருந்தது. ஏனென்றால் எனக்கு வெட்டு தெரியவில்லை.

அதை உனக்கு எப்படிச் சொல்வது. இத்தனை வருஷம் வெட்டியவளுக்கு வெட்டு தெரியாமல் போகாது. டிவியில் நாடகம் ஓடும்போதுகூட நான் கதையைப் பார்ப்பதில்லை, வெட்டைத்தான் பார்ப்பேன். இங்கே அவசரப்பட்டான், இங்கே தூங்கிவிட்டான் என்று என் கண் சொல்லிக்கொண்டே இருக்கும். உன் படத்தில் கல்யாணச் சிவப்பு ஒன்று இருந்தது, கொஞ்ச நேரத்தில் பார்த்தால் அது வேறு சிவப்பாக, செங்கல் போல ஒரு சிவப்பாக இருந்தது. எங்கே மாறியது? இரண்டாம் முறை ஓடும்போது கண்ணை அகல விரித்துப் பிடித்துக்கொண்டு பார்த்தேன். கடைசியில் இமை கொட்டினேன், அந்த இமைக்குள் நீ மாற்றிவிட்டாய். பார்க்கிறவர் எப்போது இமைப்பார் என்று தெரிந்து வெட்டியிருக்கிறாய். அது யாரும் சொல்லித்தந்து வராது. நான் ஆயிரம் கல்யாணத்தை வெட்டியும் எனக்கு வரவில்லை. பக்கத்தில் பார்த்தேன், சாச்சி ஆள் வரும் என்று காத்திருப்பதை மறந்து வாய் திறந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

படம் முடிந்ததும் முன்வரிசையில் இருந்த ஒருவர் எழும்பி, "தங்கச்சி, இதுல கதை என்ன?" என்று கேட்டார். சபை சிரித்தது. எனக்கு ஒன்பதாம் ஆண்டு வகுப்பு ஞாபகம் வந்தது. உனக்கும் தொண்டை அடைக்கப்போகிறது என்று பயந்தேன். நீ மெல்லிய குரலில், "கதை இல்ல அண்ணன். சிவப்பு இரிக்கி" என்றாய். இந்த முறை சபை வேறு மாதிரிச் சிரித்தது, அவரும் சிரித்தார். "அப்ப நான் சிவப்பத்தான் பார்த்தனா?" என்றார். "ஓம், நல்லாப் பார்த்தீங்க" என்றாய். என் வயிற்றில் பிறந்த பிள்ளை இத்தனை பேருக்கு முன்னால் இவ்வளவு சின்னச் சத்தத்தில் பேசி எல்லாரையும் கேட்க வைத்தாளே என்று இருந்தது. அடுத்ததாக ஒரு பெண், உங்களுடைய முதல் படம் எது என்று கேட்டாள். நீ சொன்னாய், "முதல் படத்த ஒருத்தரும் பாக்கல்ல. கார்ட் பழுதாப் போயிட்டு. அது ஆத்து வெளிச்சம். மற்றப் படமெல்லாம் அதத் தேடித்தான் எடுக்கிறன்." பிறகு கடைசி வரிசையைக் கைகாட்டி, "எங்கட உம்மா மட்டும் கொஞ்சம் பாத்திருப்பா" என்றாய். எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். நான் தலையைக் குனிந்துகொண்டேன். கூச்சம் என்று நினைத்திருப்பாய்.

கொஞ்சம் இல்லை மகள். முழுவதையும் பார்த்தேன். உலகத்தில் அந்தப் படத்தை முழுவதும் பார்த்த ஒரே ஆள் நான். அதனால் எனக்கு நினைவு இருக்கும் மட்டும் மேலே எழுதினேன். நரம்பு போல ஓடியது, உடைந்தது, சேர்ந்தது, தோணி போன நடுக்கம். நடுக்கத்துக்குப் பிறகு ஒரு முறை எல்லாம் நின்றது, தண்ணீர் மூச்சைப் பிடித்தது போல. அதை மேலே எழுத மறந்துவிட்டேன். வேஸ்ட் என்று நினைத்துப் பார்த்தவளுக்கு நாலு வருஷம் கழித்தும் இது நினைவிருக்கிறது என்றால், நீ எடுத்தது என்னவென்று யோசித்துப் பார். நான் வைத்துக்கொண்ட கல்யாணங்களில் ஒரு முகம்கூட இப்படி நினைவில் இல்லை.

நீ போனில் அந்தக் கேள்வியைக் கேட்ட பிறகு இன்னொன்றும் எனக்கு விளங்கியது. பெண்கள் பக்கத்து வீடியோவை நாங்கள் ஏன் திரைக்குப் பின்னால் வைத்துப் பார்த்தோம்? முகம் இருந்ததால். நான் முகத்தை வைத்தேன், அதனால் அந்தக் கசெட்டெல்லாம் அலுமாரிக்குள் போனது, வீட்டுப் பெண்களைத் தவிர ஒருவரும் பார்க்கவில்லை. நான் வெட்டி எறிந்த பாயும் சாறிக் கரையும் மருதோன்றி வைத்த கையின் நிழலும் ஃபேனும் குரவையும்தான் யாருடைய மானத்துக்கும் குறையில்லாமல் உலகத்துக்குக் காட்டக்கூடியதாக இருந்தவை. எங்கள் பக்கம் எவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று சுவருக்கு அந்தப் பக்கம் இருந்தவர்களுக்குத் தெரியவே தெரியாது. காட்டக்கூடியதை அழித்து, காட்டமுடியாததை வைத்திருந்தேன். ஆறு வயதில் நாடியை மேசையில் வைத்துக்கொண்டு நீ பாவம் என்றது இதைத்தானோ?

உம்மா என்று இருந்தால் கல்யாணத்துக்கு முந்தி இரண்டு புத்தி சொல்ல வேண்டும் என்பார்கள். எனக்குத் தெரிந்தது என் மேசையில் நடந்ததுதான். உன் வேலையை உன்மேல் அன்பு உள்ளவர்கள்தான் துப்புரவாக்க வருவார்கள். மாப்பிள்ளை நல்ல பிள்ளை, உன் மேசையைத் துடைத்து வைப்பார், மாமியார் வந்து எல்லாவற்றையும் அடுக்கித் தருவா. அவர்களிடம் முதல் நாளே சொல்லிவிடு, இது குப்பை மாதிரித்தான் இருக்கும், தொடாதீங்க என்று. என்னிடம் நீ சொல்லியிருக்க வேண்டும் என்று நான் குறை சொல்லவில்லை, கேட்காதது நான். உன் மேசை லாச்சிக்குப் பூட்டு ஒன்று போட்டிருக்கிறேன், சாவி வீட்டுச் சாவியோடு சேர்ந்து இருக்கும். இன்னொன்று, யாராவது கதை என்ன என்று கேட்டால் நீ இல்லாத கதையை உண்டாக்கிச் சொல்லிவிடாதே. சிவப்பு இருக்கிறது என்றே சொல். பச்சைத் திரையை மட்டும் நான் கொண்டுபோகவில்லை, அந்த அறையிலேயே விட்டிருக்கிறேன். இனி அதற்குப் பின்னால் ஒளிக்க ஒன்றும் இல்லை, வெயில் விழும்போது அது நல்ல நிறம், உனக்கு உதவும்.

வாப்பாவிடமும் நேற்றுச் சொல்லிவிட்டேன். டின்னைத் திறந்து காட்டினேன். பென்டிரைவைப் போட்டு அவர் கால் கழுவும் நாற்பது வினாடியைப் பார்த்தார். "இதுல நான் என்னகா சொல்றன்?" என்று கேட்டார். பாட்டுப் போட்டதில் அவருடைய பேச்சும் போய்விட்டது, அதையும் நான்தான் அழித்திருக்கிறேன். இன்னொரு தரம் ஓடவிட்டுப் பார்த்தார். "இருட்டப் போகுது புள்ள, போவம் எண்டுதான் சொல்லியிருப்பன். முந்தியும் ரெண்டு மூண்டு தரம் சொன்னன், அவள் கேக்கல்ல. அதுதான் அந்தத் தோணி அகப்பட்டிருக்கு" என்றார். பிறகு என்னைப் பார்த்து, "புள்ளைக்குச் சொல்லு. போன்ல சொல்லாத, நீ அழுதுபோடுவாய்" என்றார்.

சொல்லிவிட்டேன் மகள். மன்னிக்கச் சொல்லிக் கேட்பது எனக்குச் சுலபம், கொடுப்பது உனக்குச் சுலபமாக இருக்காது, அதனால் அவசரப்படாதே. நீ புதன்கிழமை வரும்போது டின் உன் மேசையில் இருக்கும். பென்டிரைவில் இருப்பது உன் படம் இல்லை, அதைக் கெடுத்து நான் செய்தது. ஆனாலும் அந்த நாற்பது வினாடியில் வாப்பாவின் தலைக்கு மேலே, ஒரு ஓரத்தில், பாலத்தின் அடி கொஞ்சம் தெரிகிறது. அதில் வெளிச்சம் ஆடுகிறது. அவ்வளவுதான் மிச்சம். லென்ஸ் மூடியையும் நீயே எடுத்து வைத்துக்கொள், என் கையை நான் நம்பவில்லை.

நீ இன்னும் கேட்பதாக இருந்தால் நான் கமெராவைப் பிடிக்கிறேன். பாயை எடுக்கிறேன், ஃபேன் நிழலை எடுக்கிறேன், யன்னலுக்கு எதிரே திரும்பி எல்லாம் வெள்ளையாகும் மட்டும் நிற்கிறேன். மாலையில் ஒன்றையும் பார்க்காமல், ஒன்றையும் வெட்டாமல் கார்டை உன் கையில் தருவேன். கேட்கமாட்டாய் என்றால் அதுவும் சரி, நியாயம்தான். கமெராவை வேறு யாரிடமாவது கொடு. அப்போது என் இரண்டு கையும் சும்மா இருக்கும், நான் பெண்களோடு பெண்ணாக நடுவில் வந்து நிற்பேன். உன்னைக் கூட்டிக்கொண்டு வரும்போது எல்லாரும் குரவை போடுவார்கள். இந்த முறை நான் வாயை மட்டும் அசைக்கமாட்டேன். முதல் தரம் என்பதால் அது ஒரு மாதிரிக் கீச்சென்றுதான் வரும், மைக் தாங்காது, தனியாகத் தெரியும். அதை மட்டும் வெட்டாமல் வை.